பெயர் துடைத்த பேருந்துகள்: ஒற்றுமையின் பேரால் நடந்த அழிப்புகள்



இரட்டைமலை சீனிவாசன் பேரால் நடக்கும் நினைவுச் சொற்பொழிவில் பெயரைப் பற்றியே பேசலாம் என்று வந்திருக்கிறேன். 1893இல் அவர் ஒரு பத்திரிகை தொடங்கி அதற்குப் ‘பறையன்’ என்று பெயர் வைத்தார். ஊர் வசையாகச் சொன்ன சொல்லை முகப்பில் பெரிதாக அச்சிட்டார். வேறு நல்ல பெயர் கிடைக்காமல் அவர் இதை வைக்கவில்லை. ஒருவன் தன் பெயரைச் சொல்லக் கூசுகிறவரை அவன் உரிமையைக் கேட்க முடியாது என்பது அவர் எண்ணம். 1900 வரை அந்தப் பத்திரிகை அந்தப் பெயரோடுதான் வந்தது.

அவருடைய உறவினர் அயோத்திதாசப் பண்டிதர் இதற்கு நேர் எதிரான கருத்துக் கொண்டவர். அந்தப் பெயர் நம்முடையதல்ல, பகைவர் சுமத்தியது, அதை உதற வேண்டும் என்றார் அவர். 1881 கணக்கெடுப்பிலேயே பூர்வத் தமிழர் என்று பதியச் சொன்னார். 1907இல் தொடங்கிய தம் பத்திரிகைக்கு ‘ஒரு பைசாத் தமிழன்’ என்று பெயரிட்டார். 1911 கணக்கெடுப்பின்போது சாதி பேதமற்ற திராவிடர் என்று பதியும்படி எழுதினார்.

ஒரே குடும்ப வட்டத்துக்குள் இரண்டு வழிகள். ஒருவர் இழிபெயரை எடுத்து நிமிர்த்தினார். மற்றவர் அதை உதறி இன்னொன்றைச் சூடினார். எது சரி என்ற வாதம் நூறாண்டு கடந்தும் முடியவில்லை. ஆனால் இருவருக்கும் பொதுவான ஒன்றை நாம் கவனிக்கத் தவறுகிறோம். என்ன பெயரில் அழைக்கப்படுவது என்பதை முடிவு செய்யும் அதிகாரம் நமக்கே உரியது என்பதில் இருவரும் ஒன்றுபட்டார்கள். இன்றைய பேச்சு அந்த அதிகாரத்தைப் பற்றியது. ‘எல்லோரும் ஒன்று, ஆகவே பெயர்கள் வேண்டாம்’ என்று ஒரு குரல் வரும்போதெல்லாம் அந்த அதிகாரம் யார் கைக்குப் போகிறது என்பதைப் பற்றியது.

1. 1997: சமத்துவம் வந்ததும் சுண்ணாம்பு

இந்த ஊரில் நாற்பதைக் கடந்தவர்களுக்கு ராணி மங்கம்மாள் பேருந்துகள் நினைவிருக்கும். திண்டுக்கல்லைத் தலைமையிடமாகக் கொண்ட அரசுப் போக்குவரத்துக் கழகத்துக்கு அந்தப் பெயர். மதுரைக்குப் பாண்டியன், கோவைக்குச் சேரன், கும்பகோணத்துக்குச் சோழன், சென்னைக்குப் பல்லவன், நெல்லைக்குக் கட்டபொம்மன், காரைக்குடிக்கு மருதுபாண்டியர், ஈரோட்டுக்கு ஜீவா, நாகர்கோவிலுக்கு நேசமணி என்று தமிழ்நாடு முழுவதும் பெயர்களோடு வண்டிகள் ஓடின. மாவட்டங்களும் அப்படியே. 1985இல் மதுரையிலிருந்து பிரிந்த நம் மாவட்டம் காயிதே மில்லத், அண்ணா, மன்னர் திருமலை என்று வெவ்வேறு சமயங்களில் வெவ்வேறு பெயர்களைச் சுமந்தது. சிவகங்கை பசும்பொன் முத்துராமலிங்கத் தேவர் மாவட்டமாக இருந்தது. வேலூர் பகுதி வட ஆற்காடு அம்பேத்கர் மாவட்டமாக இருந்தது.

இந்தப் பெயர்களால் நாடு பிளவுபடுகிறது என்று அந்தக் காலம் முழுவதும் யாரும் பெரிதாகக் கவலைப்படவில்லை. மன்னர் பெயர் எழுதிய வண்டியிலும் நாம் ஏறினோம். நம்மை அடித்தவர்கள் கொண்டாடிய பெயர் எழுதிய பலகையைக் கடந்தும் பள்ளிக்கூடம் போனோம். அதைக் காரணம் காட்டி நாம் எந்தப் பேருந்தையும் மறிக்கவில்லை.

1997இல் விருதுநகரைத் தலைமையிடமாகக் கொண்டு ஒரு புதிய கழகம் தொடங்கப்பட்டு, அதற்கு வீரன் சுந்தரலிங்கம் பெயர் சூட்டப்பட்டது. கட்டபொம்மனின் படையில் நின்று 1799 போரில் உயிர் கொடுத்தவராக மக்கள் நினைவில் இருப்பவர் சுந்தரலிங்கம். ஒட்டப்பிடாரம் பக்கம் கவர்ணகிரியைச் சேர்ந்தவர். தேவேந்திரர். கட்டபொம்மன் பெயர் எழுதிய பேருந்தில் ஏறியவர்கள், அதே கட்டபொம்மனின் தளபதி பெயர் எழுதிய பேருந்தில் ஏற மறுத்தார்கள். பள்ளன் பெயர் போட்ட வண்டியில் எங்கள் பெண்கள் ஏறுவதா என்று கேட்டார்கள். வண்டிகள் தாக்கப்பட்டன. தென்மாவட்டங்களில் கலவரம் பரவியது, உயிர்கள் போயின.

அரசு என்ன செய்தது? பேருந்தைத் தாக்கியவர்களைச் சட்டத்தின் முன் நிறுத்தி, சுந்தரலிங்கத்தின் பெயரைக் காப்பாற்றியிருக்கலாம். அதற்குப் பதிலாக அந்த ஜூலையில் எல்லாப் போக்குவரத்துக் கழகங்களிலிருந்தும் எல்லா மாவட்டங்களிலிருந்தும் தலைவர்களின் பெயர்களை நீக்க முடிவு செய்தது. ஒற்றுமை, அமைதி, சமூக நல்லிணக்கம் என்பவை காரணங்கள். எல்லா வண்டிகளும் தமிழ்நாடு அரசுப் போக்குவரத்துக் கழகம் என்ற ஒரே பெயருக்குள் வந்தன. பக்கவாட்டில் எழுதியிருந்த மங்கம்மாளும் பாண்டியனும் பெயிண்டுக்குள் மறைந்தார்கள்.

கேட்பதற்கு இது நியாயமாகவே தோன்றும். எல்லோர் பெயரையும்தானே எடுத்தார்கள், இதில் பாகுபாடு எங்கே என்று கேட்கலாம். கணக்கைச் சரியாகப் பாருங்கள். சேரனுக்கும் சோழனுக்கும் பாட நூல் இருக்கிறது, கோயில் கோபுரம் இருக்கிறது, சினிமா இருக்கிறது. பேருந்தில் பெயர் போனதால் அவர்களுக்குக் குறைந்தது ஒன்றுமில்லை. சுந்தரலிங்கத்துக்கு அரசுப் பலகையில் கிடைத்த பெரிய இடம் அது ஒன்றுதான். அதுவும் சில வாரங்களில் போய்விட்டது. அவரோடு சேர்த்து அம்பேத்கர் பெயரும் மாவட்டப் பலகையிலிருந்து இறங்கியது. எல்லோரிடமும் ஒரு ரூபாய் பிடித்தால் கோடி வைத்திருப்பவனுக்கும் ஒரு ரூபாய் மட்டுமே வைத்திருப்பவனுக்கும் இழப்பு ஒன்றாகுமா?

அந்த நாட்களின் இன்னொரு தேதியை இதன் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். 1997 ஜூன் 30. மேலூரை அடுத்த மேலவளவில், தனி ஊராட்சியின் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட முருகேசனும் அவரோடு ஆறு பேரும் கொல்லப்பட்டார்கள். அவர்கள் பயணம் செய்த பேருந்தை மறித்து அந்தக் கொலைகள் நடந்தன. பேருந்தில் ஒரு பெயர் இருந்ததாலா அது நடந்தது? நாற்காலியில் ஒரு தலித் உட்கார்ந்ததால் நடந்தது. பெயரை அழித்தால் பகை ஓயும் என்ற கணக்கு எவ்வளவு பொய் என்பதை அதே கோடைக்காலம் காட்டிவிட்டது.

2. கிழக்கிலும் ஆப்பிரிக்காவிலும்

இது நமக்கு மட்டும் நடந்ததல்ல. ஜப்பானில் தோல் பதனிடுதல், இறைச்சி வெட்டுதல், பிணம் தொடர்பான வேலைகளோடு இணைக்கப்பட்டு ஒதுக்கப்பட்ட மக்கள் இருக்கிறார்கள். ‘எடா’ என்பது அவர்களுக்கு இடப்பட்ட இழிபெயர். திண்டுக்கல் டேனரிகளில் சுண்ணாம்புக் குழியில் இறங்கிய நம் ஆட்களுக்கு அவர்கள் கதை அந்நியமாக இருக்காது. 1871இல் ஜப்பான் அரசு ஓர் ஆணையால் அந்தப் பெயர்களை ஒழித்தது. இனி எல்லோரும் சாதாரணக் குடிமக்கள் என்றது. அடுத்த ஆண்டு தயாரித்த குடும்பப் பதிவேடுகளில் பல இடங்களில் அவர்கள் ‘புதுக் குடிமக்கள்’ என்று குறிக்கப்பட்டார்கள். பழைய இழிவு புதிய பெயருக்குள் குடியேறியது. அந்தப் பதிவேடுகள் பொதுப் பார்வையிலிருந்து விலக்கப்பட 1968 வரை ஆனது. அதன் பிறகும் 1975இல் ஒரு செய்தி வெளிவந்தது. அந்த மக்கள் வாழும் இடங்களின் பெயர்களை ஊர் ஊராகத் தொகுத்த பட்டியல்களைப் பெரிய நிறுவனங்கள் ரகசியமாகக் காசு கொடுத்து வாங்கி, வேலைக்கு ஆள் எடுக்கும்போது பயன்படுத்தி வந்தன. சட்டத்தில் இல்லாத பெயர், சந்தையில் விற்பனையானது.

அந்த மக்கள் 1922 மார்ச்சில் கியோட்டோவில் கூடித் தங்கள் இயக்கத்தைத் தொடங்கியபோது, அந்த இழிபெயரையே பெருமையோடு அறிக்கையில் எழுதினார்கள். ‘பறையன்’ நடத்திய சீனிவாசன் அதை அறிந்திருந்தால் மகிழ்ந்திருப்பார். சென்னை மாகாணத்தில் எம்.சி. ராஜா முன்னெடுத்த தீர்மானத்தின்படி, பறையர், பஞ்சமர் என்ற சொற்களுக்குப் பதிலாக ஆதி திராவிடர் என்ற பெயர் அரசுப் பதிவுகளில் ஏறியதும் அதே 1922இல்தான். அங்கே பழைய பெயரை ஏந்தினார்கள், இங்கே புதிய பெயரைக் கேட்டுப் பெற்றார்கள். இரண்டும் அந்தந்த மக்களே செய்தவை.

ருவாண்டாவின் கதை இன்னும் கடுமையானது. பெல்ஜிய ஆட்சி அடையாள அட்டைகளில் இனத்தை எழுதியது. 1994 இனப்படுகொலையில் அந்த அட்டையைப் பார்த்தே ஆட்களைக் கொன்றார்கள். பிறகு வந்த அரசு அட்டையிலிருந்து இனத்தை நீக்கியது. அந்த ரத்தத்துக்குப் பின் அதைக் குறை சொல்ல யாருக்கும் மனம் வராது. ஆனால் ஹூட்டு, டுட்ஸி என்ற இரண்டு பெரிய பெயர்களுக்கு நடுவே டுவா என்று மூன்றாவதாக ஒரு சிறு கூட்டம் இருந்தது. காட்டிலிருந்து வெளியேற்றப்பட்ட, நிலமற்ற, மட்பாண்டம் வனைந்து பிழைக்கும் மக்கள். தங்களுக்கு நேர்வதைத் தங்கள் பெயரால் சொல்ல இன்று அவர்களுக்கு வழியில்லை. ‘வரலாற்றால் ஒதுக்கப்பட்டோர்’ என்ற பொதுச் சொல்லுக்குள் அவர்கள் கரைந்துவிட்டார்கள். பெரியவர்கள் இருவரின் சண்டையை முடிக்கப் போட்ட கையெழுத்தில் சிறியவன் காணாமல் போனான்.

3. மற்றவர் சூட்டிய நல்ல பெயர்

அழிப்பு எப்போதும் வெறுப்போடு வருவதில்லை. அன்போடும் வரும். 1930களில் காந்தியார் ‘அரிசன்’ என்ற பெயரைக் கொண்டுவந்தார். 1938இல் பம்பாய்ச் சட்டமன்றத்தில் அந்தச் சொல்லைச் சட்டத்துக்குள் கொண்டுவந்தபோது அம்பேத்கரும் அவருடைய கட்சியினரும் வெளிநடப்புச் செய்தார்கள். எங்களைக் கேட்காமல் எங்களுக்குப் பெயர் வைக்காதீர்கள் என்பதுதான் எதிர்ப்பின் சாரம். சாதிச் சான்றிதழ்களில் அந்தச் சொல்லைப் பயன்படுத்த வேண்டாம் என்று மத்திய உள்துறை சொல்ல 1982 ஆனது. அதற்குள் நம் ஊர்களில் தெருவுக்குத் தெரு அரிசனக் காலனி என்று பலகை முளைத்திருந்தது.

மதத்தின் வழியாக வந்த ஒற்றுமையையும் சொல்ல வேண்டும். திண்டுக்கல் சமவெளியில் கிறிஸ்தவத்துக்குப் போன நம் மக்கள் ஏராளம். கிறிஸ்துவுக்குள் எல்லோரும் ஒன்று என்று நம்பிப் போனார்கள். 1950ஆம் ஆண்டுக் குடியரசுத் தலைவர் ஆணை, இந்து அல்லாதவர் பட்டியல் சாதியாகார் என்றது. 1956இல் சீக்கியருக்கும் 1990இல் பௌத்தருக்கும் அது திருத்தப்பட்டது. கிறிஸ்தவருக்குத் திருத்தப்படவில்லை. காகிதத்தில் அவர்களுக்குச் சாதி இல்லை. தனிக் கல்லறை மட்டும் பல ஊர்களில் இருந்தது, இருக்கிறது.

4. நமக்குள் கேட்ட அதே குரல்

இதுவரை சொன்னதற்குக் கைதட்டுவது எளிது. இனிச் சொல்வது நமக்குள் கேட்க வேண்டியது.

பதினெட்டு சதவீத இடஒதுக்கீட்டுக்குள் அருந்ததியர் தங்களுக்குத் தனிப் பங்கு கேட்டபோது, தலித் ஒற்றுமை குலைந்துவிடும் என்று சொன்னவர்கள் நம்மிலும் உண்டு. சாக்கடைக் குழிக்குள் இறங்கும் வேலை ஒருவன் தலையில் மட்டும் விழுந்தபோது குலையாத ஒற்றுமை, அவன் மகன் மருத்துவக் கல்லூரியில் ஓர் இடம் கேட்டபோது குலைந்துவிடுமா? 2004இல் சின்னையா வழக்கில் உச்ச நீதிமன்றம், பட்டியல் சாதியார் அனைவரும் ஒரே படித்தான வகுப்பு, உள்ளே பிரிக்கக்கூடாது என்று தீர்ப்பளித்தது. ஒற்றுமைவாதத்தின் சட்ட வடிவம் அது. ஆனாலும் நீதிபதி ஜனார்த்தனம் குழுவின் பரிந்துரையை ஏற்று 2009இல் தமிழ்நாடு மூன்று சதவீத உள்ஒதுக்கீட்டுச் சட்டம் இயற்றியது. அருந்ததியர், சக்கிலியன், மாதாரி, மாதிகா, பகடை, தோட்டி, ஆதி ஆந்திரர் என்று ஏழு பெயர்கள் அந்தச் சட்டத்தில் வரிசையாக இருக்கின்றன. 2024 ஆகஸ்ட் 1 அன்று ஏழு நீதிபதிகள் அமர்வு சின்னையா தீர்ப்பைத் தள்ளிவைத்தது.

பள்ளன், குடும்பன், காலாடி, பண்ணாடி உள்ளிட்ட ஏழு பெயர்களில் இருந்தவர்கள் 2021இல் நாடாளுமன்றச் சட்டத்தின் வழியே தேவேந்திரகுல வேளாளர் என்ற ஒரே பெயரைப் பெற்றார்கள். ஒரு சட்டம் ஏழு பெயர்களை எழுதி நியாயம் செய்தது. இன்னொரு சட்டம் ஏழு பெயர்களை ஒன்றாக்கி நியாயம் செய்தது. பிரிப்பதா சேர்ப்பதா என்பதில் விதி ஒன்றுமில்லை. கேட்டது யார் என்பதில்தான் விதி இருக்கிறது.

வீட்டுக்குள் தெலுங்கோ கன்னடமோ பேசும் அருந்ததியரைப் பார்த்து, நீ தமிழனா என்று கேட்பவர்களும் ஒற்றுமையின் பேரால்தான் கேட்கிறார்கள். மலம் அள்ள அழைத்தபோது யாரும் தாய்மொழி கேட்கவில்லை.

5. விடுதி, பள்ளி, காலனி

இன்றைய நடப்புக்கு வருவோம். நாங்குநேரியில் 2023இல் ஒரு தலித் மாணவனையும் அவன் தங்கையையும் உடன் படித்தவர்களே வெட்டினார்கள். அதையடுத்து அமைக்கப்பட்ட நீதிபதி சந்துரு குழு 2024 ஜூனில் அறிக்கை தந்தது. கையில் சாதிக் கயிறு கட்டக்கூடாது என்பது முதல், பள்ளிப் பெயர்களிலிருந்து சாதிச் சொற்களை நீக்க வேண்டும் என்பது வரை அதில் பரிந்துரைகள் உண்டு. மதுரை, தேனி மாவட்டங்களோடு நம் மாவட்டத்திலும் கள்ளர் சீரமைப்புப் பள்ளிகள் இருக்கின்றன. ஆதிதிராவிடர் நலப் பள்ளிகளும் இருக்கின்றன. 2025 ஏப்ரலில் ‘காலனி’ என்ற சொல்லை அரசு ஆவணங்களிலிருந்து நீக்குவதாக முதலமைச்சர் சட்டமன்றத்தில் அறிவித்தார். ஜூலையில் நலத்துறைகளின் 2,739 விடுதிகளும் சமூகநீதி விடுதிகள் எனப் பெயர் மாறின. அக்டோபரில் தெருக்கள், நீர்நிலைகளின் சாதிப் பெயர்களை மாற்ற அரசாணை வந்தது.

இவற்றை 1997 போலவே பார்ப்பது தவறு. ‘காலனி’ என்று முகவரி எழுதக் கூசி, வேலைக்கான விண்ணப்பத்தில் பக்கத்துத் தெருவின் பெயரை எழுதிய பிள்ளைகளை நமக்குத் தெரியும். ‘எஸ்.சி. ஆஸ்டல் பையன்’ என்று வகுப்பில் அழைக்கப்பட்டவர்கள் இந்த அவையிலேயே இருக்கக்கூடும். அந்தச் சொற்கள் போகட்டும். அவை போக வேண்டும் என்று நாமே கேட்டோம்.

ஆனால் பெயரோடு சேர்ந்து என்னவெல்லாம் போகிறது என்று பார்க்கும் பொறுப்பு நமக்கு உண்டு. ஆதிதிராவிடர் நலப் பள்ளி என்ற பெயருக்குப் பின்னால் ஒரு நிதித் தலைப்பு இருக்கிறது. 2024இல் தமிழ்நாடு பட்டியல் சாதி, பழங்குடியினர் துணைத் திட்டத்துக்குத் தனிச் சட்டமே இயற்றியது. இந்த மக்களுக்கென்று ஒதுக்கிய பணம் இந்த மக்களுக்கே போக வேண்டும் என்பது அதன் நோக்கம். போய்ச் சேர்ந்ததா என்று சரிபார்க்க ஓர் அடையாளம் வேண்டும். பள்ளி பொதுவாகி, விடுதி பொதுவாகி, கணக்கும் பொதுவாகிவிட்டால், காணாமல் போன பணத்தை எந்தப் பெயரில் தேடுவது? கழிப்பறை உடைந்த விடுதி எந்தப் பிள்ளைகளுடையது என்று எதைக் காட்டிக் கேட்பது? பலகையில் பெயர் மாறலாம், பதிவேட்டில் கணக்கு மறையக்கூடாது. இந்த வித்தியாசத்தை விடாமல் பிடித்துக்கொள்ள வேண்டும்.

1931க்குப் பிறகு இந்த நாட்டில் சாதிகளின் முழுக் கணக்கு வெளியிடப்படவில்லை. எண்ணினால் ஒற்றுமை கெடும் என்றார்கள். எண்ணாததால் சாதி குறைந்ததா? யாரிடம் எவ்வளவு நிலம், எவ்வளவு பதவி என்பதைச் சொல்ல முடியாமல் போனதுதான் மிச்சம்.

6. பெயரில்லாத ஊர்

இந்தப் பாதை இப்படியே நீண்டால் எங்கே போய் நிற்கும் என்று யோசித்துப் பாருங்கள். இன்னும் ஐம்பது ஆண்டு கழித்து நிலக்கோட்டைப் பக்கம் ஓர் ஊர். எந்தப் படிவத்திலும் சாதிக் கட்டம் இல்லை. தெருக்களுக்கெல்லாம் பூக்களின் பெயர். பறை தமிழர் இசை என்று எல்லோராலும் கொண்டாடப்படுகிறது, அதைத் தோளில் சுமந்து இழவு வீட்டு வாசலில் கூலிக்கு அடித்தவர் யாரென்று பாட நூலில் இல்லை. கீழ்வெண்மணி என்றால் 1968இல் ஒரு தீ விபத்து. மேலவளவு என்றால் ஓர் ஊர்த் தகராறு. தாமரைத் தெருவில் பிறந்தவளுக்கு மல்லிகைத் தெருவில் பெண் கொடுக்கவும் எடுக்கவும் மாட்டார்கள். ஏன் என்று அவள் கேட்டால், இங்கே அப்படியெல்லாம் எதுவும் இல்லையே என்பார்கள். அவளுக்கு நேர்ந்ததைச் சொல்லச் சட்டத்திலும் மொழியிலும் ஒரு சொல் மிஞ்சியிருக்காது. அடிபட்டவளுக்கு வலி இருக்கும், அதன் பெயர் இருக்காது.

சாதியை ஒழிப்பது வேறு, சாதி என்ற சொல்லை ஒழிப்பது வேறு. 1936இல் அம்பேத்கர் கேட்டது முதலாவதை. அகமண முறையையும் அதைப் புனிதமாக்கும் நூல்களின் அதிகாரத்தையும் உடைக்கச் சொன்னார். நமக்குக் கிடைத்துக்கொண்டிருப்பது இரண்டாவது.

7. பெயர் சொல்லிப் பெற்ற ஒற்றுமை

ஒற்றுமையே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. பெயர் சொல்லியும் ஒன்றுபடலாம் என்பதற்குச் சான்று தேடித் தூரம் போக வேண்டாம். 2021 ஜனவரியில் நம் மாவட்டத்து ஆயத்த ஆடைத் தொழிற்சாலை ஒன்றில் வேலை பார்த்த இளம் தலித் பெண் கொல்லப்பட்டார். அங்கிருந்த மேற்பார்வையாளர் மீது வழக்கு. தலித் பெண்களின் தலைமையில் இயங்கும் தமிழ்நாடு டெக்ஸ்டைல் மற்றும் பொதுத் தொழிலாளர் சங்கம் போராடியது. வெளிநாட்டுத் தொழிலாளர் அமைப்புகள் துணை நின்றன. 2022 ஏப்ரலில் நிறுவனத்தோடும் துணி வாங்கும் பன்னாட்டு வணிகப் பெயர்களோடும் கையெழுத்தானது திண்டுக்கல் ஒப்பந்தம்.

அந்த ஒப்பந்தம் பொதுவாக ‘தொழிலாளர் நலன்’ என்று எழுதி முடித்துக்கொள்ளவில்லை. பாலின வன்முறை என்று எழுதியது. சாதிப் பாகுபாடு என்று எழுதியது. தொழிலாளிகளிலிருந்தே தளக் கண்காணிப்பாளர்களைத் தேர்ந்து பயிற்சி கொடுத்தது. பல சாதிப் பெண்கள் ஒரே மெஷின் வரிசையில் உட்கார்ந்து வேலை செய்யும் இடம் அது. சாதியைக் குறிப்பிட்டதால் அவர்கள் பிரிந்து போகவில்லை. குறிப்பிட்டதால்தான் ஒருத்திக்கு நேர்வதை இன்னொருத்தி முறையிட வழி பிறந்தது. உலகத் தொழிலாளர் இயக்கங்கள் இன்று நம் ஊரின் பெயரை அந்த ஒப்பந்தத்தால் அறிந்திருக்கின்றன.

இதே ஊரின் சக்தி கலைக்குழுவும் அதைத்தான் செய்தது. ஆண்கள் இழவுக்கு அடித்த பறையைத் தலித் பெண்கள் கையில் எடுத்து மேடையில் நிமிர்ந்து நின்று அடித்தார்கள். அது யாருடைய கருவி என்பதை மறைக்காமல் அடித்தார்கள். எழுத்திலும் அதுவே நடந்தது. 1992இல் பாமாவின் ‘கருக்கு’ வந்த காலத்தில், இலக்கியத்தில் தலித் என்ற பிரிவு எதற்கு, எல்லாம் தமிழ் இலக்கியம்தானே என்று கேட்டார்கள். அந்தப் பெயரோடு வந்த எழுத்துகளால்தான் தமிழ் இலக்கியம் இன்று கொஞ்சமாவது எல்லோருடையதுமாகியிருக்கிறது.

ஆகவே மாணவ நண்பர்களே, ஒரு பெயரை நீக்கப்போகிறோம் என்று யாராவது சொன்னால், மூன்று கேள்விகளைக் கேளுங்கள். இதைக் கேட்டது அந்தப் பெயரைச் சுமப்பவர்களா, அந்தப் பெயரைப் பார்க்கப் பிடிக்காதவர்களா? பெயரோடு சேர்ந்து கணக்கும் சட்டப் பாதுகாப்பும் போகுமா, இருக்குமா? பெயர் போன இடத்தில் அந்த மக்களின் வரலாறு எங்கே எழுதி வைக்கப்படும்? மூன்றுக்கும் நேர்மையான பதில் கிடைத்தால் நாமே முன்னின்று பலகையை மாற்றுவோம். கிடைக்காவிட்டால், அது 1997இன் சுண்ணாம்பு வாளி என்று புரிந்துகொள்ளுங்கள்.

கூடவே ஒரு வேலையும் இருக்கிறது. அரசாணைகளின்படி நம் தெருக்களின் பெயர்கள் மாறும் காலம் இது. பலகை மாறும் முன் உங்கள் ஊரின் ஒவ்வொரு சேரிக்கும், அதன் கிணற்றுக்கும், இடுகாட்டுப் பாதைக்கும், பஞ்சமி நிலத்துக்கும் பழைய பெயர் என்ன, அந்தப் பெயர் எப்படி வந்தது என்று பெரியவர்களிடம் கேட்டு எழுதி வையுங்கள். புதுப் பெயர் நல்லதாகவே இருக்கட்டும். பழைய பெயரில் நடந்தவை நம் நோட்டில் இருக்கட்டும். சீனிவாசன் அச்சுக்கூடத்தில் தொடங்கிய வேலையின் தொடர்ச்சி அது.

ஜெய்பீம்.